மாதொருபாகன் (புதினம்)

மாதொருபாகன் என்பது தமிழ் எழுத்தாளர் பெருமாள்முருகன் எழுதிய புதினமாகும். இது 2010ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் காலச்சுவடு பதிப்பகத்தால் வெளியிடப்பட்டது. இந்திய விடுதலைக்கு முற்பட்ட காலத்தில், அன்றைய சேலம் மாவட்டத்தில் இருந்த திருச்செங்கோட்டையும் அதன் சுற்றுப்புறச் சிற்றூர்களையும் களமாகக் கொண்டது. திருமணமாகிப் பன்னிரண்டு ஆண்டுகளாகியும் குழந்தை பிறவாத காளி, பொன்னா என்னும் உழவர் குடும்பத்து இணையரின் வாழ்வை இது விவரிக்கிறது. குழந்தைப் பேற்றுக்காக ஒரு பெண் கணவனல்லாத ஆணோடு ஓர் இரவு கூடுவதற்கு ஊர் மறைவாக இடமளித்ததாகக் கூறப்படும் திருவிழா வழக்கம் இக்கதையின் மையமாகும்.

2014ஆம் ஆண்டின் இறுதியில் இந்நூலுக்கு எதிராகத் திருச்செங்கோட்டில் போராட்டங்கள் எழுந்தன. 2015 சனவரியில் ஆசிரியர் எழுத்துலகிலிருந்து விலகுவதாக அறிவித்தார். 2016ஆம் ஆண்டு சூலை 5 அன்று சென்னை உயர் நீதிமன்றம் நூலுக்கு ஆதரவாகத் தீர்ப்பளித்தது. கருத்துரிமை தொடர்பான விவாதங்களில் இந்நூல் அடிக்கடி எடுத்துக்காட்டப்படுகிறது. நூலின் உட்பொருளான பெண்ணின் இசைவு, மறைபொருளாக வைக்கப்படும் அவளது விருப்பம் ஆகியவை அவ்விவாதங்களில் ஒப்பீட்டளவில் குறைவாகவே பேசப்பட்டுள்ளன.

பெயர்க்காரணம்

மாதொருபாகன் என்பதற்கு, தன் உடலில் ஒரு பாகத்தைப் பெண்ணாகக் கொண்டவன் என்பது பொருள். இது சிவபெருமானின் பெயர்களுள் ஒன்று. திருச்செங்கோடு மலைமீதுள்ள கோயிலின் மூலவர் அர்த்தநாரீசுவரர் ஆவார். தேவாரத்தில் இத்தலம் கொடிமாடச் செங்குன்றூர் என வழங்கப்படுகிறது. மலையின் செந்நிறத்தால் இப்பெயர் அமைந்தது என்பர்.

சிவனை மட்டுமே வலம்வந்து உமையை விலக்கிய பிருங்கி முனிவரின் கதை இத்தலத்தோடு இணைத்துக் கூறப்படுகிறது. முனிவரின் செயலால் வருந்திய உமை தவமிருந்து சிவனின் உடலில் பாதியைப் பெற்றார் என்பது அக்கதை. கடவுளின் உடலில் ஆணும் பெண்ணும் சரிபாதியாக விளங்கும் ஊரில், மனிதர் வாழ்வில் அப்பாதி எவ்வாறு பகிரப்படுகிறது என்ற வினாவைப் புதினத்தின் தலைப்பு எழுப்புகிறது எனலாம்.

கதைக்களம்

திருச்செங்கோடு தற்போது நாமக்கல் மாவட்டத்தில் உள்ளது. நாமக்கல் மாவட்டம் 1997ஆம் ஆண்டு சனவரி 1 அன்று சேலம் மாவட்டத்திலிருந்து பிரிக்கப்பட்டது. இப்பகுதி கொங்கு நாட்டின் கிழக்குப் பகுதியாகும். மழையை நம்பிய மேட்டாங்காடுகளும் கிணற்றுப் பாசன வயல்களும் கலந்த நிலம் இது. சோளம், கம்பு, நிலக்கடலை, ஆமணக்கு முதலியவை இங்கு நெடுங்காலமாக விளைவிக்கப்பட்டு வந்தன. உழவர்கள் ஊருக்குள் நெருங்கி வாழாமல் தத்தம் காட்டிலேயே வீடமைத்துக்கொள்ளும் வழக்கம் உண்டு. ஆடுமாடுகளைக் கட்டும் தொண்டுப்பட்டி இவ்வாழ்க்கையின் முக்கியமான இடம். கதையில் காளி தன் நேரத்தின் பெரும்பகுதியைத் தொண்டுப்பட்டியிலேயே கழிக்கிறான்.

பெருமாள்முருகன் 1966ஆம் ஆண்டு திருச்செங்கோட்டிற்கு அருகில் பிறந்தவர். நாமக்கல் அரசு கலைக் கல்லூரியில் தமிழ்ப் பேராசிரியராகப் பணியாற்றியவர். கொங்கு வட்டாரச் சொல்லகராதி என்னும் நூலைத் தொகுத்துள்ளார். புதினத்தின் உரையாடல்கள் இவ்வட்டார வழக்கிலேயே அமைந்துள்ளன.

திருச்செங்கோட்டில் ஆண்டுதோறும் வைகாசி விசாகத்தையொட்டித் தேர்த் திருவிழா நடைபெறுகிறது. இத்திருவிழாவின் இறுதி நாளான பதினான்காம் நாள் இரவே கதையின் உச்சக்கட்டம் நிகழும் பொழுதாகும்.

முதன்மைக் கதைமாந்தர்

காளி - கதையின் நாயகன். தந்தையை இழந்தவன். நிலமும் மாடுகளும் உடைய உழவன்.
பொன்னா - காளியின் மனைவி.
முத்து - பொன்னாவின் அண்ணன். காளியின் இளமைக்கால நண்பன்.
சீராயி - காளியின் தாய். கைம்பெண்ணாகத் தனித்து நின்று மகனை வளர்த்தவர்.
வல்லாயி - பொன்னாவின் தாய்.
நல்லுப்பையன் - காளியின் சித்தப்பா முறையினர். திருமணம் செய்துகொள்ளாதவர். ஊர்க் கட்டுப்பாடுகளைப் பொருட்படுத்தாமல் வாழ்பவர்.

கதைச் சுருக்கம்

காளியும் பொன்னாவும் ஒருவர்மீது ஒருவர் மிகுந்த அன்பு கொண்டவர்கள். குழந்தை இல்லை என்பதைத் தவிர அவர்களது வாழ்வில் வேறு குறை இல்லை. அந்தக் குறையை ஊரும் உறவும் நாள்தோறும் நினைவூட்டுகின்றன. பொன்னாவை வறடி எனப் பிறர் ஏசுகின்றனர். மங்கல நிகழ்ச்சிகளில் அவள் ஒதுக்கி வைக்கப்படுகிறாள். காளியின் ஆண்மையும் கேலிக்கு உள்ளாகிறது. இருவரும் பல கோயில்களுக்கு நேர்ந்துகொள்கின்றனர். மலையுச்சியில் உள்ள வறடிக்கல்லை வலம்வந்தால் குழந்தை பிறக்கும் என்ற நம்பிக்கையின்படி பொன்னா அதனையும் செய்கிறாள். காட்டில் வாழ்ந்த பெண்ணொருத்திக்கு முன்னோர் இழைத்த கொடுமையின் சாபமே குடும்பத்தைத் தொடர்கிறது என்ற நம்பிக்கையும் கதையில் இடம்பெறுகிறது.

மறுமணம் செய்துகொள்ளுமாறு காளியைப் பலர் வற்புறுத்துகின்றனர். அவன் மறுத்துவிடுகிறான். பிள்ளையில்லா வாழ்வு ஒரு குறையன்று, அது விடுதலையாகவும் அமையலாம் என்று நல்லுப்பையன் கூறுகிறார்.

இந்நிலையில் சீராயியும் வல்லாயியும் ஒரு முடிவுக்கு வருகின்றனர். திருவிழாவின் பதினான்காம் நாள் இரவில் திருமணமான பெண்ணும் விரும்பிய ஆணும் கூடலாம் என்பதும், அன்று வரும் ஆண்கள் அனைவரும் சாமிகளாகக் கருதப்படுவர் என்பதும், அவ்வாறு பிறக்கும் குழந்தை சாமி கொடுத்த பிள்ளை என்பதும் கதையில் கூறப்படும் வழக்கமாகும். பொன்னாவை அங்கு அனுப்ப அவர்கள் விரும்புகின்றனர். காளியால் இதை ஏற்க இயலவில்லை. பின்னர் முத்து, காளி இசைந்துவிட்டதாகத் தங்கையிடம் பொய் கூறுகிறான். திருவிழா நாளில் காளியைக் குடிக்க அழைத்துச் சென்று அப்புறப்படுத்துகிறான். பொன்னா தன் பெற்றோருடன் வண்டியில் திருச்செங்கோட்டிற்குச் செல்கிறாள். இரவில் வீடு திரும்பும் காளி நடந்ததை உணர்கிறான். தானே பல ஆண்டுகளுக்கு முன் நட்டு வளர்ந்த பூவரச மரத்தின் கிளைகளை அவன் அண்ணாந்து நோக்குவதோடு புதினம் முடிவடைகிறது.

சமூகப் பின்னணி

குழந்தையின்மைக்கு உரிய பழி பெண்மீதே சுமத்தப்பட்டதற்கு நம்பிக்கைகள் மட்டுமன்றி நிலவுடைமையும் காரணமாக இருந்தது. உழவர் குடும்பத்தில் நிலம் தந்தையிடமிருந்து மகனுக்குச் சென்றது. மகன் இல்லாத குடும்பத்தின் நிலம் பங்காளிகளைச் சேரும். எனவே ஒரு பெண்ணின் கருவுறுதல் அவளது சொந்தச் செய்தியாக இருக்கவில்லை. அது பங்காளிகள், மாமியார், அண்டை அயலார் என அனைவரும் கணக்குப் பார்க்கும் செய்தியாக இருந்தது.

கதை நிகழும் காலத்துச் சட்டங்களும் பெண்ணுக்குச் சாதகமாக இல்லை.

மறுமணம்: ஓர் இந்து ஆண் முதல் மனைவி உயிருடன் இருக்கையிலேயே மற்றொரு பெண்ணை மணப்பது அப்போது சட்டப்படி தடை செய்யப்படவில்லை. சென்னை மாகாணத்தில் இருதார மணம் 1949ஆம் ஆண்டுச் சட்டத்தால்தான் தடுக்கப்பட்டது. ஆகவே, இன்னொரு பெண்ணைக் கட்டி வைப்போம் என்ற பேச்சு பொன்னாவுக்கு வெறும் மிரட்டலன்று. நடைமுறையில் நிகழக்கூடிய ஒன்று.

சொத்துரிமை: கைம்பெண்ணுக்கு 1937ஆம் ஆண்டுச் சட்டம் வழங்கியது வரையறுக்கப்பட்ட உரிமை மட்டுமே. முழு உரிமை 1956ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டத்தால் கிடைத்தது. தமிழ்நாட்டில் மகள்களுக்குக் கூட்டுக் குடும்பச் சொத்தில் சம உரிமை 1989ஆம் ஆண்டுத் திருத்தத்தின் மூலம் வழங்கப்பட்டது.

குழந்தையற்ற பெண் கணவனை இழந்தால் கணவனின் உறவினரை அண்டி வாழவேண்டிய நிலையே அன்று இருந்தது. இப்பின்னணியில் பார்க்கும்போது, பொன்னாவின் குழந்தை ஆசையைத் தாய்மையுணர்வு என்ற ஒன்றால் மட்டும் விளக்கிவிட இயலாது. அது அவளது பாதுகாப்புக்கான தேவையுமாகும்.

பிள்ளையின்மை மட்டுமன்றி, பெண் பிள்ளை பெறுவதும் இப்பகுதியில் பெண்ணின் குறையாகக் கருதப்பட்டது. பெண் சிசுக் கொலையைத் தடுக்கத் தமிழ்நாடு அரசு கொண்டுவந்த தொட்டில் குழந்தைத் திட்டம் 1992ஆம் ஆண்டு முதன்முதலாகச் சேலம் மாவட்டத்திலேயே தொடங்கப்பட்டது என்பது இங்கு குறிப்பிடத்தக்கது.

மறைபொருளும் இசைவும்

புதினத்தில் பதினான்காம் நாள் வழக்கத்தை அறியாதவர் எவருமில்லை. எனினும் அதனை எவரும் வெளிப்படையாகப் பேசுவதில்லை. மறைவாகப் பேணப்படும் வரையில்தான் அவ்வழக்கம் செயல்பட முடியும். குழந்தை பிறந்தபின் அது கணவனின் குழந்தையாகவே வளரும். தந்தை யார் என்று ஊர் கேட்பதில்லை. சாமி கொடுத்த பிள்ளை என்ற சொல் அக்கேள்வியை எழவிடாமல் தடுக்கிறது. குடும்பத்தின் மானம், நிலத்தின் வாரிசு, கணவனின் ஆண்மை ஆகிய மூன்றும் இவ்வகையில் காப்பாற்றப்படுகின்றன. மறைபொருளைச் சுமக்க வேண்டியவள் பெண் ஒருத்தி மட்டுமே.

பொன்னாவைத் திருவிழாவிற்கு அனுப்பும் முடிவு கதையில் பின்வரும் முறையில் எடுக்கப்படுகிறது.

1. காளியின் தாயும் பொன்னாவின் தாயும் தமக்குள் பேசி முடிவு செய்கின்றனர்.
2. காளியின் தாய் அதனைக் காளியிடம் கூறி அவனது இசைவைக் கோருகிறார்.
3. காளி அதனைப் பொன்னாவிடம் தெரிவித்து, அவள் செல்வாளா என்று கேட்கிறான். அவன் விரும்பினால் செல்வதாக அவள் விடையளிக்கிறாள். அவ்விடை அவனைப் புண்படுத்துகிறது.
4. காளி ஒப்புக்கொண்டதாக முத்து பொன்னாவிடம் பொய் சொல்கிறான்.

இந்நான்கு படிகளிலும் தேடப்படுவது காளியின் இசைவே. பொன்னாவிடம் ஒரே ஒருமுறை மட்டும் கேள்வி கேட்கப்படுகிறது. அதுவும் அவளது விருப்பத்தை அறிவதற்காகக் கேட்கப்பட்டதன்று. அவளது கற்பைச் சோதிப்பதற்காகக் கேட்கப்பட்டது. கணவனின் விருப்பப்படி நடப்பதே மனைவியின் கடமை எனக் கற்பிக்கப்பட்ட ஒருத்தி கூறக்கூடிய விடையையே அவள் கூறுகிறாள். அவ்விடையையே காளி துரோகமாக எடுத்துக்கொள்கிறான். இறுதியில் அவள் திருவிழாவிற்குச் செல்வதும் கணவனின் இசைவு கிடைத்துவிட்டது என்ற நம்பிக்கையில்தான். அந்த நம்பிக்கை பொய்யால் உண்டாக்கப்பட்டது. எனவே அவளது இசைவும் ஏமாற்றிப் பெறப்பட்டதேயாகும்.

காளியும் திருமணத்திற்கு முன்பு முத்துவுடன் பதினான்காம் நாள் இரவுகளுக்குச் சென்றவன். அவ்விரவுகளில் அவனும் ஒரு சாமியாகக் கருதப்பட்டவன். அது இளமைக்கால நிகழ்வாக மட்டுமே அவன் நினைவில் நிற்கிறது. அன்று தான் சந்தித்த பெண்களும் யாரோ ஒருவருடைய மனைவியர் என்ற எண்ணம், தன் மனைவியைப் பற்றிய பேச்சு எழும்போதுதான் அவனைத் தைக்கிறது. ஆணின் விருப்பத்திற்கும் பெண்ணின் விருப்பத்திற்கும் ஊர் கொண்டிருந்த இருவேறு அளவுகோல்கள் இவ்விடத்தில் வெளிப்படுகின்றன.

திருவிழாக் கூட்டத்தில் பொன்னாவின் நிலை மாறுகிறது. அங்கு அவளை யாருக்கும் தெரியாது. அவளை வறடி என்று அழைப்பவர் எவரும் அங்கு இல்லை. நெருங்கி வருபவரை ஏற்கவும் விலக்கவும் அவளால் முடிகிறது. பிறரால் அனுப்பப்பட்டவளாக வந்த அவள், அக்கூட்டத்தினுள் தன் விருப்பத்தின்படி தேர்ந்தெடுப்பவளாகிறாள். குழந்தைக்காக மட்டும் அனுமதிக்கப்பட்ட ஓர் இரவில் பெண்ணின் வேட்கையும் இடம்பெறுவதை இப்பகுதி மறைக்காமல் காட்டுகிறது. பின்னாளில் நூலை எதிர்த்தவர்கள் மிகுதியும் எடுத்துக்காட்டியது திருவிழா குறித்த பகுதிகளையே.

நியோகமும் பிறன்மனைச் சட்டமும்

கணவனல்லாத ஒருவர் மூலம் வாரிசு பெறும் முறை இந்திய மரபில் நியோகம் எனப்படும். மகாபாரதத்தில் விசித்திரவீரியன் பிள்ளையின்றி இறந்தபின், அவனது தாய் சத்தியவதி வியாசரை அழைத்து மருமகள்கள் அம்பிகை, அம்பாலிகை ஆகியோர் மூலம் வாரிசு பெறச் செய்கிறார். திருதராட்டிரனும் பாண்டுவும் அவ்வாறு பிறந்தவர்கள். அச்சத்தால் அம்பிகை கண்களை மூடிக்கொண்டதும், இரண்டாம் முறை தனக்குப் பதிலாகப் பணிப்பெண்ணை அனுப்பியதும் அக்கதையில் கூறப்படுகின்றன. இங்கும் முடிவெடுப்பவர் மாமியாரே. மருமகளின் மறுப்பு அவளது உடல்மொழியிலும் தந்திரத்திலும் மட்டுமே வெளிப்படுகிறது. மனுநீதி நூலின் ஒன்பதாம் இயல் நியோகத்தை ஓரிடத்தில் அனுமதித்தும் மற்றோரிடத்தில் கண்டித்தும் பேசுகிறது.

ஆங்கிலேயர் 1860ஆம் ஆண்டில் இயற்றிய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 497ஆம் பிரிவு பிறன்மனை உறவைக் குற்றமாக்கியது. அப்பிரிவின்படி, மற்றொருவன் மனைவியோடு அவனது இசைவின்றிக் கூடும் ஆண் ஐந்து ஆண்டுகள் வரை சிறைத்தண்டனை பெறலாம். கணவனின் இசைவோ உடந்தையோ இருந்தால் அது குற்றமாகாது. பெண்ணின் இசைவு குறித்து அப்பிரிவு கவலைப்படவில்லை. அதாவது, காளியின் குடும்பம் தேடிய அதே இசைவையே அன்றைய சட்டமும் தேடியது. 2018ஆம் ஆண்டு செப்டம்பர் 27 அன்று ஜோசப் சைன் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு இப்பிரிவை நீக்கியது. மனைவியைக் கணவனின் உடைமையாகக் கருதுவது அரசியலமைப்புக்கு முரணானது என்பது அத்தீர்ப்பின் முக்கியக் காரணங்களுள் ஒன்றாகும். 2024ஆம் ஆண்டு சூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவிலும் இக்குற்றம் இடம்பெறவில்லை.

தமிழ்ப் புனைகதையில் இக்கருப்பொருள்

குடும்பக் கட்டுக்கோப்புக்குள் மறைக்கப்படும் பெண்ணின் விருப்பத்தைப் பேசிய தமிழ்ப் படைப்புகள் சில:

நாகம்மாள் - ஆர். சண்முகசுந்தரம். 1942ஆம் ஆண்டில் வெளிவந்த கொங்கு வட்டாரப் புதினம். கணவனின் தம்பி குடும்பத்தோடு வாழும் கைம்பெண் ஒருத்தி சொத்தில் பங்கு கேட்பதையும், வேறோர் ஆணுடன் அவளுக்குள்ள தொடர்பையும் சித்திரிக்கிறது. ஒருத்தியின் ஆசையும் நிலவுரிமையும் பின்னிப்பிணைந்திருப்பதை மாதொருபாகனுக்கு முன்பே இதே மண்ணிலிருந்து கூறிய நூல் இது.

அம்மா வந்தாள் - தி. ஜானகிராமன். 1966ஆம் ஆண்டில் வெளிவந்தது. அலங்காரம் என்னும் பெண்ணின் மணஉறவுக்கு வெளியிலான தொடர்பும், அதற்குக் கழுவாயாக அவள் மகனை வேத பாடசாலைக்கு அனுப்புவதும் இதன் கதை. குடும்பத்தினர் அறிந்தும் பேசாத மறைபொருள் இதிலும் உண்டு.

இரண்டாம் ஜாமங்களின் கதை - சல்மா. 2004ஆம் ஆண்டில் வெளிவந்தது. தமிழ் முசுலிம் சமூகப் பெண்களின் வீட்டுக்குள்ளான உலகைப் பெண்ணின் பார்வையிலிருந்தே கூறுகிறது. இதன் ஆசிரியர் தொடக்கத்தில் குடும்பத்தினர் அறியாமல் புனைபெயரில் எழுதியவர்.

எதிர்ப்புப் போராட்டங்கள்

நூல் வெளிவந்து நான்கு ஆண்டுகள் வரை பெரிய எதிர்ப்பு எதுவும் எழவில்லை. 2014 டிசம்பரில் சில இந்து அமைப்புகளும் சாதி அமைப்புகளும் நூலைத் தடை செய்யவும் ஆசிரியரைக் கைது செய்யவும் கோரின. நூலின் சில பக்கங்கள் படியெடுக்கப்பட்டு மக்களிடையே பரப்பப்பட்டன. டிசம்பர் 26 அன்று திருச்செங்கோட்டில் நூலின் படிகள் எரிக்கப்பட்டன. 2015 சனவரி 9 அன்று அங்கு கடையடைப்பு நடத்தப்பட்டது.

எதிர்த்தவர்களின் முதன்மையான வாதங்கள் பின்வருமாறு:

கோயிலும் திருவிழாவும் இழிவுபடுத்தப்பட்டுள்ளன.
குறிப்பிட்ட சமூகத்துப் பெண்களின் மானத்திற்குக் களங்கம் ஏற்பட்டுள்ளது.
இத்தகைய வழக்கம் இருந்ததற்கு ஆவணச் சான்று இல்லை.
உண்மையான ஊரின் பெயர் கதையில் பயன்படுத்தப்பட்டுள்ளது.

ஊர்ப்பெயரை அடுத்த பதிப்புகளில் நீக்குவதாக ஆசிரியர் அறிவித்தும் எதிர்ப்பு தணியவில்லை. இத்தகைய வழக்கம் பற்றிய செய்திகள் பெரும்பாலும் வாய்மொழியாகவே நிலவுவன. மறைவாக நடந்ததாகக் கூறப்படும் ஒன்றுக்கு எழுத்துச் சான்று கிடைப்பது அரிது. அதே காரணத்தால் அதனை மறுப்பதற்கான சான்று கிடைப்பதும் அரிது. புதினம் ஒரு வரலாற்று நூலாகத் தன்னை முன்வைக்கவில்லை என்பதும் இங்கு கருதத்தக்கது.

2015 சனவரி 12 அன்று நாமக்கல் மாவட்ட ஆட்சியர் அலுவலகத்தில் அமைதிப் பேச்சுவார்த்தை நடைபெற்றது. அதில் ஆசிரியர் நிபந்தனையற்ற மன்னிப்புக் கோரவும், விற்காத படிகளைத் திரும்பப் பெறவும், சர்ச்சைக்குரிய பகுதிகளை நீக்கவும் ஒப்புக்கொள்ளும் உடன்பாட்டில் கையொப்பமிட்டார். மறுநாள், எழுத்தாளர் பெருமாள்முருகன் இறந்துவிட்டதாகத் தம் முகநூல் பக்கத்தில் அவர் அறிவித்தார். தம் படைப்புகள் அனைத்தையும் திரும்பப் பெறுவதாகவும், இனி ஆசிரியப் பணியாற்றும் ஒரு தனிமனிதராக மட்டுமே வாழ்வதாகவும் அதில் தெரிவித்திருந்தார். பின்னர் அவர் பணியிட மாற்றம் பெற்றுச் சென்னை மாநிலக் கல்லூரிக்குச் சென்றார்.

கதையில் பொன்னாவின் சார்பாகப் பிறர் முடிவெடுத்ததைப் போன்றே, பெண்களின் மானம் என்பதை முன்னிறுத்திய இப்போராட்டத்திலும் அவர்கள் சார்பாக அமைப்புகளே பேசின. குழந்தையில்லாப் பெண்கள் அடைந்த இழிவு குறித்து நூல் எழுப்பிய வினா இப்போராட்டத்தில் விவாதிக்கப்படவில்லை.

வழக்கும் தீர்ப்பும்

அமைதிப் பேச்சுவார்த்தையில் ஏற்பட்ட உடன்பாட்டை எதிர்த்துத் தமிழ்நாடு முற்போக்கு எழுத்தாளர் கலைஞர்கள் சங்கத்தின் தலைவர் ச. தமிழ்ச்செல்வன் சென்னை உயர் நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்தார். நூலுக்கு எதிரான மனுக்களும் உடன் விசாரிக்கப்பட்டன. தலைமை நீதிபதி சஞ்சய் கிசன் கவுல், நீதிபதி புஷ்பா சத்தியநாராயணா ஆகியோர் கொண்ட அமர்வு 2016ஆம் ஆண்டு சூலை 5 அன்று தீர்ப்பு வழங்கியது.

தீர்ப்பின் முக்கியக் கூறுகள்:

2015 சனவரி 12ஆம் நாள் உடன்பாடு ஆசிரியரைக் கட்டுப்படுத்தாது.
நூலைத் தடை செய்யவோ ஆசிரியர்மீது குற்ற நடவடிக்கை எடுக்கவோ தேவையில்லை.
நூலை முழுமையாக வைத்தே மதிப்பிட வேண்டும். தனித்தெடுத்த பகுதிகளை வைத்து ஆபாசம் என முடிவு செய்யக் கூடாது.
ஒரு நூலைப் பிடிக்காதவர் அதனைப் படிக்காமல் விட்டுவிடலாம்.
இத்தகைய சிக்கல்களில் கலை, இலக்கியம் அறிந்தோர் அடங்கிய வல்லுநர் குழுவின் கருத்தைப் பெற அரசு ஏற்பாடு செய்ய வேண்டும்.

குழந்தையற்ற இணையர் எதிர்கொள்ளும் சமூக அழுத்தத்தையும் மனத்துயரையும் கூறுவதே புதினத்தின் நோக்கம் என நீதிமன்றம் கருதியது. ஆசிரியர் மீண்டும் எழுத வேண்டும் என்ற விருப்பத்தோடு தீர்ப்பு நிறைவுற்றது. அதே ஆண்டு ஆகத்து மாதம் கோழையின் பாடல்கள் என்னும் கவிதைத் தொகுப்புடன் பெருமாள்முருகன் எழுத்துக்குத் திரும்பினார். தொடர்ந்து பூனாச்சி அல்லது ஒரு வெள்ளாட்டின் கதை என்னும் புதினம் வெளிவந்தது.

இன்றைய நிலை

குழந்தையின்மைக்கான காரணம் ஆணிடமும் இருக்கலாம் என்பது மருத்துவ உலகில் நெடுநாளாக அறியப்பட்ட உண்மையாகும். உலக நலவாழ்வு அமைப்பு 2023ஆம் ஆண்டு ஏப்ரலில் வெளியிட்ட அறிக்கையின்படி, வயதுவந்தோரில் ஏறத்தாழ ஆறில் ஒருவர் வாழ்நாளில் எப்போதேனும் குழந்தையின்மையை எதிர்கொள்கின்றனர்.

இந்தியாவில் 2021ஆம் ஆண்டு இயற்றப்பட்ட துணைநிலை இனப்பெருக்கத் தொழில்நுட்பச் சட்டம், கொடையாளர் ஒருவரின் விந்தணு அல்லது கருமுட்டை மூலம் குழந்தை பெறுவதை ஒழுங்குபடுத்துகிறது. சிகிச்சை பெறுவோர் எழுத்து மூலம் இசைவளிக்க வேண்டும். அவ்வாறு பிறக்கும் குழந்தை அவ்விணையரின் குழந்தையாகவே சட்டத்தால் கருதப்படும். கொடையாளருக்குக் குழந்தைமீது உரிமை இல்லை. கதையில் திருவிழா இரவு செய்த பணிகளுள் சிலவற்றை, அதாவது அறியாத ஒருவர் மூலம் கருவுறுதல், அவரது அடையாளத்தை மறைத்தல், குழந்தைக்குக் குடும்பத்தின் பெயரை அளித்தல் ஆகியவற்றை, இன்று மருத்துவமனையும் சட்டமும் செய்கின்றன. பெண்ணின் கையொப்பம் இன்றியமையாதது என்பது முதன்மையான வேறுபாடாகும். அக்கையொப்பம் குடும்பத்தின் அழுத்தமின்றி இடப்படுகிறதா என்பதைச் சட்டத்தால் மட்டும் உறுதிசெய்ய இயலாது.

தொடர் நூல்களும் மொழிபெயர்ப்பும்

மாதொருபாகனின் முடிவிலிருந்து இருவேறு திசைகளில் செல்லும் இரு தொடர் புதினங்களைப் பெருமாள்முருகன் எழுதினார். ஆலவாயன், அர்த்தநாரி ஆகிய இவை 2014ஆம் ஆண்டில் எழுதி வெளியிடப்பட்டவை. ஆலவாயனில் காளி தற்கொலை செய்துகொள்கிறான். கருவுற்ற பொன்னாவும் அவளைச் சூழ்ந்த பெண்களும் ஊரை எதிர்கொள்கின்றனர். அர்த்தநாரியில் காளி உயிர் பிழைக்கிறான். ஆனால் பொன்னாவோடு பேச மறுக்கிறான். இரு கதைகளிலும் காளியின் விதி மாறுகிறது. பொன்னா தண்டனைக்கு உள்ளாவது மட்டும் மாறவில்லை.

மாதொருபாகனை அனிருத்தன் வாசுதேவன் ஒன் பார்ட் வுமன் என்ற தலைப்பில் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். இது 2013ஆம் ஆண்டில் பெங்குவின் நிறுவனத்தால் வெளியிடப்பட்டது. 2016ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதமி மொழிபெயர்ப்பு விருது இதற்கு அறிவிக்கப்பட்டது. அவ்விருதை எதிர்த்தும் வழக்குத் தொடரப்பட்டது. 2018ஆம் ஆண்டில் அமெரிக்காவின் தேசிய நூல் விருதின் மொழிபெயர்ப்பு இலக்கியப் பிரிவில் நெடும்பட்டியலில் இந்நூல் இடம்பெற்றது. தொடர் நூல்கள் இரண்டும் 2018ஆம் ஆண்டில் ஆங்கிலத்தில் வெளிவந்தன.